சாட்சிக் கையெழுத்து போட்டவருக்கு முன்ஜாமீன்

1. முதல் நாள்

தஞ்சாவூரில் சீனியரின் அலுவலகத்தில் சேர்ந்த முதல் நாள், எனக்கு உட்கார நாற்காலி ஒதுக்கும் முன்பே கையெழுத்துப் போட இடம் ஒதுக்கிவிட்டார்கள். குமாஸ்தா சிங்காரம் ஒரு அபிடவிட்டை மேஜையில் வைத்து, கடைசிப் பக்கத்தின் அடியில் விரலால் தட்டினார். 'என் முன்னிலையில் கையொப்பமிட்டார்' என்று அங்கே டைப் செய்திருந்தது. அதற்கு மேலே கோவிந்தராசு என்று ஒருவர் கையெழுத்துப் போட்டிருந்தார்.

"இந்தக் கோவிந்தராசு எங்க சார்?"

"டீ குடிக்கப் போயிருக்காரும்மா. போடுங்க, கோர்ட்டுக்கு நேரமாச்சு."

போட்டேன். கோவிந்தராசு டீ குடித்துவிட்டுத் திரும்பி வரவில்லை. இன்று வரை அவர் முகம் எனக்குத் தெரியாது.

நான் முதலில் படித்தது பாலிடெக்னிக்கில் சிவில் டிப்ளமோ. ஒரு ரோடு கான்ட்ராக்டரிடம் இரண்டு வருடம் சர்வே வேலை பார்த்தேன். அதன் பிறகுதான் சட்டம் படித்தேன். அளக்காமல் எதையும் நம்பாதே என்று சர்வேயில் சொல்லிக்கொடுத்தார்கள். வக்கீல் ஆபீசில் முதல் நாளே பார்க்காமல் நம்பச் சொன்னார்கள். இரண்டுக்கும் நடுவில் நான் கற்றுக்கொண்டதைப் புதிதாக வரும் ஜூனியர்களுக்காக எழுதி வைக்கிறேன்.

2. ஒரே மஞ்சள் பையில் இரண்டு காகிதங்கள்

நான் சேர்ந்து எட்டு மாதம் ஆகியிருந்தபோது, ஒரு புதன்கிழமை காலை ஜபருல்லா பாய் வந்தார். தஞ்சாவூரிலிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரத் தொலைவில் இருக்கும் ஊரில், பத்திரப்பதிவு அலுவலகத்துக்கு எதிரே அவருடைய கடை. முதலில் டைப்ரைட்டிங், பிறகு ஜெராக்ஸ், இப்போது லேமினேஷனும் உண்டு. மஞ்சள் பையிலிருந்து முதலில் மகளின் கல்யாணப் பத்திரிகையை எடுத்து சீனியரிடம் கொடுத்தார். ஞாயிற்றுக்கிழமை நிக்காஹ். அடுத்து எடுத்தது எஃப்.ஐ.ஆர். நகல்.

அந்தத் தாளில் ஐந்து எதிரிகள், அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்கள்.

ஒன்று: பெயர் தெரியாத ஒரு பெண். நிலத்தின் சொந்தக்காரி தான்தான் என்று ஆள்மாறாட்டம் செய்து பத்திரத்தில் ரேகை வைத்தவள்.
இரண்டு: அவளிடமிருந்து நிலத்தை வாங்கியவர்.
மூன்று: பத்திர எழுத்தர்.
நான்கு: முதல் சாட்சி ஜபருல்லா.
ஐந்து: இரண்டாம் சாட்சி. அவர் கொடுத்த கதவு எண்ணில் அந்தத் தெருவில் வீடே கிடையாது.

இரண்டாம், மூன்றாம் எதிரிகள் போன வாரமே ஹைகோர்ட்டில் முன்ஜாமீன் வாங்கிவிட்டார்கள். ஒன்றும் ஐந்தும் யாரென்று யாருக்கும் தெரியாது. முகவரியோடு, கடையோடு, மண்டபத்தின் பெயர் அச்சடித்த பத்திரிகையோடு, பிடிப்பதற்கு வசதியாக மிச்சமிருந்தவர் பாய் மட்டுமே. வெள்ளிக்கிழமை சாயந்திரம் தூக்கிவிடுவார்கள் என்று ஸ்டேஷன் பக்கமிருந்து யாரோ சொல்லியிருக்கிறார்கள். வெள்ளி சாயந்திரம் பிடித்தால் சனி, ஞாயிறு கோர்ட் இல்லை. தொந்தரவு கொடுக்க வேண்டுமென்றால் அந்த நேரம்தான் தோது.

"அந்தம்மாவத் தெரியுமா உங்களுக்கு?" என்றார் சீனியர்.

"தெரியாதுங்க."

"அப்புறம் எதுக்கு உள்ள போயி தெரியும்னு சொன்னீங்க?"

"எழுத்தர் வந்து 'பாய், ஒரு நிமிஷம் உள்ள வாங்க'ம்பாருங்க. போவேன். ரிஜிஸ்ட்ரார் 'இவங்களத் தெரியுமா'ம்பாரு. 'தெரியும் சார்'ம்பேன். கையெழுத்தப் போட்டுட்டு வந்து ஜெராக்ஸ் எடுப்பேன். எத்தனையோ வருஷமா இப்படித்தாங்க."

"தெரியாதுன்னு ஒரு தடவகூட சொன்னதில்லயா?"

பாய் சங்கடமாகச் சிரித்தார். "பத்திரம் பண்ண வந்தவங்க மூஞ்சிக்கு நேரா எப்படிங்க தெரியாதுன்னு சொல்றது? மொகத்துல அடிச்ச மாதிரி இருக்காது?"

எனக்கு எரிச்சலாக வந்தது. மரியாதைக்காக ஒரு ஆள் பொய் சொல்வார், அந்தப் பொய்யை அரசாங்கம் முத்திரை குத்தி வாங்கிக்கொள்ளும், பிறகு அதே அரசாங்கம் அவரைத் தேடி வரும். அந்த ஊரில் இதற்குப் பெயர் ஒத்தாசை.

கிளம்பும்போது பாய் என் பக்கம் திரும்பினார். "ஒரே ஒரு விஷயம்மா. சம்மந்திக்குத் தெரிய வேணாம். ஒரத்தநாட்டுல ஹார்டுவேர் கட வச்சிருக்காரு. நல்ல மனுஷன்தான், ஆனா மனசுல பட்டத யோசிக்காம செஞ்சுடுவாரு. கல்யாணம் நின்னுடும்."

3. லாரி உரிமையாளர் ஜபருல்லா

முன்ஜாமீன் மனுவுக்கு எங்கள் கம்ப்யூட்டரில் ஒரு அச்சு இருந்தது. பெயரை மாற்றினால் போதும். சிங்காரம் மாற்றி, கால் மணி நேரத்தில் பிரிண்ட் எடுத்துக் கொடுத்தார். அதன்படி ஜபருல்லா பாய்,

சமூகத்தில் மதிப்பு மிக்கவர்;
கடுமையான இருதய நோயாளி;
மூன்று லாரிகளின் உரிமையாளர்.

"சார், பாய்க்கு ஹார்ட்டு நல்லாத்தான் இருக்கு. லாரி ஒண்ணுகூட இல்ல."

"போன கேசுல இருந்து வந்திருக்கும். இருந்துட்டுப் போவட்டும்மா. ஜட்ஜு இதையெல்லாமா படிக்கிறாரு?" என்றார் சிங்காரம்.

இருதய நோயையும் லாரிகளையும் நீக்கினேன். கல்யாணப் பத்திரிகையின் நகலை இணைத்தேன். அன்று மதியமே தாக்கல் செய்து வெள்ளிக்கிழமைக்கு விசாரணைத் தேதி வாங்கினோம். அதற்குள் புகார்தாரரும், மனுவை எதிர்க்கத் தனியாக வக்கீல் வைத்துவிட்டார் என்று தெரிந்தது.

புகார்தாரர் இளஞ்செழியன். ஆளுங்கட்சியில் ஒன்றிய அளவில் பொறுப்பில் இருந்தார். ஆட்சி மாறினாலும் அவர் பொறுப்பு மாறாதபடி இரண்டு பக்கமும் உறவு வைத்திருந்தார். உழுகிறவனுக்கே நிலம் என்று மேடையில் அவர் பேசி நானே கேட்டிருக்கிறேன். வழக்கில் இருக்கும் ஒன்றரை ஏக்கர் நன்செய் அவருடையதுதான், ஆனால் அவர் பெயரில் இல்லை. சென்னையில் இருக்கும் மாமியார் பெயரில் இருந்தது. மாமியாரின் பவர் ஏஜெண்டாக இவர் புகார் கொடுத்திருந்தார்.

4. வரப்பில் கிடைத்த தகவல்

ஜாமீன் மனுவுக்கு எஃப்.ஐ.ஆர். போதும் என்பது சீனியரின் கொள்கை. என்னால் ஒரு நிலத்தின் எல்லைகளைப் பார்க்காமல் அதன் பத்திரத்தைப் படிக்க முடியாது. இது சர்வே வேலையில் தொற்றிய வியாதி. வியாழக்கிழமை காலை பஸ் ஏறினேன்.

பத்திரத்தில் சக்குபந்தி, அதாவது நான்கு எல்லை, இப்படி இருந்தது: வடக்கே வாய்க்கால், தெற்கே வண்டிப்பாதை, மேற்கே களத்துமேடு, கிழக்கே அஞ்சலை நிலம். அஞ்சலை வரப்பில் நின்று மடையைத் திறந்துகொண்டிருந்தார். ஐம்பது வயதிருக்கும். கையில் மண்வெட்டி, இடுப்பில் செல்போன்.

"யாரும்மா நீ, சர்வேயரா?"

"வக்கீலுங்க. இந்த நெலத்துக்காரம்மாவப் பாத்திருக்கீங்களா?"

"எந்த நெலத்துக்காரம்மா? மாமியாக்காரியா?" அஞ்சலை மண்வெட்டியை ஊன்றிச் சிரித்தார். "அந்தம்மா கருப்பா செவப்பான்னு இந்த ஊருல ஒருத்தருக்கும் தெரியாது. நாளைக்கி நீயே வந்து நான்தான் மாமியான்னு நின்னாலும் நம்பிப்புடுவோம்."

அதேதான் நடந்திருக்கிறது. ஒரு நிலத்தை யாரும் பார்க்காத ஒருவர் பெயரில் ஒளித்துவைத்தால், யார் வேண்டுமானாலும் அந்த ஒருவராக வந்து நிற்கலாம். கதவைத் திறந்துபோட்டவர் இளஞ்செழியன்தான்.

அஞ்சலை மேலும் சொன்னார். அந்த ஒன்றரை ஏக்கரை அவருடைய மாமனார் காலத்திலிருந்து குத்தகைக்குச் சாகுபடி செய்தது அவர்கள் குடும்பம். குத்தகைப் பதிவு கேட்டு மனு மேல் மனு போட்டார்கள். பதிவு வருவதற்குள், துபாயில் இருந்த நிலக்காரரிடம் பேசி இளஞ்செழியன் வாங்கிவிட்டார். அறுத்த கையோடு ஆளை வைத்து வேலி போட்டார். பக்கத்தில் இருந்த சொந்தத் துண்டு நிலம் மட்டும் அஞ்சலைக்கு மிஞ்சியது.

"மேடையில ஏறுனா நெலம் உழுகுறவனுக்குங்கிறாரு. கீழ எறங்குனா நெலம் மாமியாளுக்குங்கிறாரு. எங்க மனுவெல்லாம் யாரு அடிச்சுக் குடுத்தாங்குற? ஜபருல்லா பாய்தான். பாதி நேரம் சும்மாவே அடிச்சுக் குடுப்பாரு."

வாய்க்கால் கரையில் நின்றே யோசித்தேன். இளஞ்செழியன் வாங்கிய பத்திரம் எப்படி இருக்கும்? நேரே பதிவு அலுவலகத்துக்குப் போய் வில்லங்கச் சான்றும் அந்தப் பழைய பத்திரத்தின் சான்றிட்ட நகலும் கேட்டு மனுப் போட்டேன். சாயந்திரம் நகல் கிடைத்தது. பன்னிரண்டு வருடத்துக்கு மேற்பட்ட பத்திரம். வாங்குகிறவர் நேரில் வந்து போட்டோ ஒட்ட வேண்டிய விதி வராத காலம். விற்றவர் மட்டும் வந்து கையெழுத்துப் போட்டிருந்தார். 'விற்பவரை நேரில் அறிவேன்' என்று அடையாளம் காட்டிய சாட்சியின் கையெழுத்தைப் பார்த்தேன். வளைந்து வளைந்து, கடைசி எழுத்தின் வாலை இழுத்துவிட்டிருந்தது. புதன்கிழமை பாய் போட்ட வக்காலத்தில் பார்த்த அதே கையெழுத்து.

ஜபருல்லா பாய்க்குப் போன் போட்டேன். மண்டபத்தில் சமையல்காரரோடு பேசிக்கொண்டிருந்தார்.

"பாய், அந்த துபாய்க்காரரத் தெரியுமா?"

"எந்த துபாய்க்காரரும்மா?"

வேறெதுவும் கேட்கவில்லை.

5. வெள்ளிக்கிழமை

செஷன்ஸ் கோர்ட்டில் எங்கள் முறை வரும்போது மூன்று மணி. அரசு வழக்கறிஞர் எழுந்தார். ஆள்மாறாட்டம், போலி ஆவணம், கூட்டுச் சதி என்று வரிசையாகச் சொன்னார். காவலில் எடுத்து விசாரித்தால்தான் அந்தப் பெண் யாரென்று தெரியும் என்றார். கடைசியில் குரலை உயர்த்தினார்.

"தெரியாத ஒருத்தருக்கு யாராவது தெரியும்னு கையெழுத்துப் போடுவாங்களா யுவர் ஆனர்? கூட்டு இல்லாம இது நடக்குமா?"

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "பி.பி. சார், நீங்க வீடு வாங்கியிருக்கீங்கள்ல?"

"ஆமா யுவர் ஆனர்."

"உங்க பத்திரத்துல சாட்சி யாரு?"

அரசு வழக்கறிஞர் யோசித்தார். நாங்கள் எல்லோரும் காத்திருந்தோம். அவருக்கு ஞாபகம் வரவில்லை. வராது. அந்த ஹாலில் சொந்த வீடு வைத்திருந்த வக்கீல்கள் அத்தனை பேரும் அந்த நிமிடம் தங்கள் பத்திரத்தின் சாட்சியை ஞாபகப்படுத்திப் பார்த்துத் தோற்றுக்கொண்டிருந்தார்கள் என்று நினைக்கிறேன்.

அடுத்து புகார்தாரரின் வக்கீல். இந்தச் சாட்சி இப்படிப் பழக்கப்பட்ட குற்றவாளி, இவர் கையெழுத்துப் போட்ட பத்திரம் ஒன்றையும் நம்ப முடியாது என்றார். அந்த வாக்கியம் முழுதாக முடியட்டும் என்று சீனியர் காத்திருந்தார். முடிந்ததும் என் பக்கம் கையை நீட்டினார். நான் பழைய பத்திரத்தின் நகலைக் கொடுத்தேன். அது நீதிபதியிடம் போனது.

அவர் நிதானமாகப் புரட்டினார். "கவுன்சல், உங்க கட்சிக்காரரோட மாமியாருக்கு இந்த நிலம் வந்த பத்திரம் இது. இதுலயும் விற்றவரை அடையாளம் காட்டினது இதே ஜபருல்லாதான். இவர் கையெழுத்து ஒண்ணையும் நம்ப முடியாதுன்னு சொன்னீங்க. பதிவு பண்ணிக்கட்டுமா?"

வக்கீல் திரும்பிப் பார்த்தார். பின்னால் வெள்ளைச் சட்டையில் உட்கார்ந்திருந்த இளஞ்செழியன், செல்போனில் ஏதோ அவசரமாகத் தேடுவதைப் போலக் குனிந்துகொண்டார்.

"உத்தரவைக் கோர்ட்டோட விருப்பத்துக்கே விடுறோம் யுவர் ஆனர்" என்றார் வக்கீல்.

முன்ஜாமீன் கிடைத்தது. பதினைந்து நாளைக்குள் நடுவர் நீதிமன்றத்தில் ஆஜராகி இரண்டு ஜாமீன்தாரர்கள் கொடுக்க வேண்டும். பிறகு இரண்டு வாரம் தினமும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். "உங்க கட்சிக்காரருக்குக் கையெழுத்துன்னா பிடிக்கும்போல இருக்கே, அங்க போயி போடட்டும்" என்றார் நீதிபதி.

வராந்தாவில் இளஞ்செழியன் எங்களை மறித்தார். "என்ன சார், பழசையெல்லாம் கிளர்றீங்க?"

"கிளறலீங்க. காப்பிதான் போட்டோம்" என்றார் சீனியர்.

பாராட்டு முழுவதும் சீனியருக்குப் போனது. எனக்கு வந்தது பஸ் டிக்கெட் எங்கே என்ற கேள்வி. அரசு வழக்கறிஞரே ஸ்டேஷனுக்குத் தகவல் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை நிக்காஹ் நடந்தது. நானும் போய்ப் பிரியாணி சாப்பிட்டேன். போட்டோவுக்கு நிற்கும்போதுகூட பாய் வாசலைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

6. தயார் ஜாமீன்தார்

செவ்வாய்க்கிழமை நடுவர் நீதிமன்றத்துக்குப் போனோம். சிங்காரம் இரண்டு ஆட்களோடு மரத்தடியில் காத்திருந்தார். ஒருவர் கையில் வீட்டுவரி ரசீது, லேமினேட் செய்தது. அடிக்கடி எடுத்து நீட்டுகிற காகிதத்தைத்தான் லேமினேட் செய்வார்கள்.

அவர் என்னிடம் மெதுவாகக் கேட்டார். "அம்மா, உள்ள கேப்பாங்க. பேரு என்ன, ஜபருல்லாவா, ஜியாவுல்லாவா?"

"எத்தன வருஷப் பழக்கம்னு கேட்டா என்ன சொல்லுவீங்க?"

"பத்து வருஷம்பேன். எப்பவும் அதான்."

சிங்காரம் ஜாமீன் படிவத்தை என்னிடம் நீட்டி, அடியில் விரலால் தட்டினார். அதே தட்டு. 'மேற்படி ஜாமீன்தாரரை நான் அறிவேன், வழக்கறிஞர்.'

பாய் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். "அவரு மேல கோவப்படாதீங்கம்மா. நான் பண்ணதத்தானே அவரும் பண்றாரு" என்றார்.

அவர் சொன்னது ஜாமீன்தாரரைப் பற்றி. எனக்கு ஞாபகம் வந்தது கோவிந்தராசு. புதன்கிழமையிலிருந்து ஆறு நாளாக இந்த மனிதரை மனதுக்குள் ஏளனம் செய்துகொண்டிருந்தேன். அவர் செய்த காரியத்தை, அவரிடமிருந்த மரியாதைகூட இல்லாமல், கோர்ட்டுக்கு நேரமாகிவிட்டது என்பதற்காக நான் முதல் நாளே செய்திருக்கிறேன்.

"நான் போட மாட்டேன் சார். பாயத் தெரிஞ்சவங்க வரட்டும். இன்னும் பத்து நாள் இருக்கு."

சிங்காரம் சீனியருக்குப் போன் போட்டு என் காதில் வைத்தார். "என்னம்மா, நீ என்ன அரிச்சந்திரன் பேத்தியா?" என்றார் சீனியர். "ஊர் ஒலகத்துல நடக்காததா? போட்டுட்டு வா."

"அதே மாதிரி போட்டவருக்குத்தானே சார் வெள்ளிக்கிழம முன்ஜாமீன் வாங்குனோம்?"

லைன் துண்டானது. நாளைக்கு எனக்கு வேலை இருக்குமா என்று எனக்கே தெரியவில்லை.

பாய் தன் போனை எடுத்தார். இத்தனை வருடம் அவர் கையெழுத்தால் பத்திரம் முடித்துப் போனவர்களில் நாலு பேரைக் கூப்பிட்டார். ஒருவர் வெளியூரில் இருந்தார். ஒருவருக்கு உடம்பு சரியில்லை. ஒருவர், "பாய், ஜாமீன்லாம் ரிஸ்க்குல்ல?" என்று கேட்டார். நான்காமவர் எடுக்கவே இல்லை.

ஐந்தாவதாக நான் அஞ்சலையைக் கூப்பிட்டேன். "எதிர்த்தது யாரு, நம்ம மேடைக்காரனா? அப்ப வர்றேன். பட்டா எடுத்துட்டு வரணுமா?" என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டார்.

இன்னொருவர் வேண்டும். பாய் வெகுநேரம் போனைக் கையில் வைத்துக்கொண்டிருந்தார். பிறகு சம்மந்தியைக் கூப்பிட்டு, வீட்டுவரி ரசீதோடு வரச் சொன்னார்.

ஒரத்தநாட்டிலிருந்து அவர் டி.வி.எஸ். ஃபிப்டியில் வந்து சேர மதியம் ஆனது. கடையில் பெயிண்ட் டின் திறந்த கறை கையில் அப்படியே இருந்தது. பாய் தலையைக் குனிந்தபடி முழுக் கதையையும் சொன்னார். சம்மந்தி குறுக்கிடாமல் கேட்டார்.

"இத முன்னாடியே சொல்லியிருந்தா நான் கல்யாணத்த நிறுத்தியிருப்பேன்னு நெனச்சீங்களா சம்மந்தி?"

"ஆமாங்க."

"நிறுத்தித்தான் இருப்பேன்." வண்டிப் பெட்டியைத் திறந்து வீட்டுவரி ரசீதை எடுத்தார். "இப்ப ஒங்க மக எங்க வீட்டுப் புள்ள. எங்கம்மா கையெழுத்துப் போடணும்?"

உள்ளே நடுவர் அஞ்சலையிடம் எத்தனை வருடப் பழக்கம் என்று கேட்டார். எந்த வருடம் என்ன மனு பாய் அடித்துக் கொடுத்தார் என்று அஞ்சலை ஆரம்பித்தார். போதும் போதும் என்று நடுவர் நிறுத்த வேண்டியிருந்தது. சம்மந்தியிடமும் அதையே கேட்டார்.

"பொண்ணு பாத்ததுலேருந்து ஏழு மாசம்ங்க ஐயா. ஆனா சரியாத் தெரிஞ்சது இன்னிக்கு மத்தியானம்தான்."

நடுவர் நிமிர்ந்து பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். படிவத்தின் அடியில், இருவரையும் அறிவேன் என்று நான் போட்டேன். சம்மந்தியை எனக்கு ஒரு மணி நேரமாகத்தான் தெரியும். ஆனால் தெரியும்.

7. பட்டியல்

சீனியர் என்னை வேலையை விட்டு அனுப்பவில்லை. பழைய பத்திரத்தைத் தேடிப் போகிற ஜூனியர் சல்லிசாகக் கிடைப்பதில்லை என்பது அவர் கணக்கு. மறுநாள் நான் ஆபீசின் பழைய கட்டுகளைப் பிரித்து, எட்டு மாதத்தில் நான் பார்க்காதவர்களுக்குப் பார்த்ததாகப் போட்ட கையெழுத்துகளைப் பட்டியல் எடுத்தேன். முதல் வரி கோவிந்தராசு. மொத்தம் முப்பத்தொரு பேர். ஒவ்வொருவரையும் நேரில் வரச் சொன்னேன். பதினான்கு பேர் வந்தார்கள். இரண்டு பேர், அது தங்கள் கையெழுத்தே இல்லை என்றார்கள். வீட்டில் யாரோ போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். அந்த இரண்டு அபிடவிட்டையும் வாபஸ் வாங்கிப் புதிதாகப் போடச் சொன்னேன். சீனியர் ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. கோவிந்தராசு கொடுத்திருந்த போன் நம்பர் உபயோகத்தில் இல்லை. முதல் வரியே இன்னும் அடிக்கப்படாமல் இருக்கிறது.

ஜபருல்லா பாய் இப்போது சாட்சிக் கையெழுத்துப் போடுவதில்லை. கூப்பிட்டால் மெஷினில் பேப்பர் சிக்கியிருக்கிறது என்று சொல்லிவிடுகிறாராம். தெரியாது என்று சொல்ல அவருக்கு இன்னும் வாய் வரவில்லை.

புதிதாகச் சேருகிற ஜூனியர்களே, முதல் நாள் உங்கள் முன்னாலும் ஒரு காகிதத்தை வைத்து அடியில் விரலால் தட்டுவார்கள். ஆள் எங்கே என்று கேளுங்கள். டீ குடிக்கப் போயிருக்கிறார் என்பார்கள். அவர் குடித்துவிட்டு வரட்டும், காத்திருங்கள்.